மகஜர்

ஆணை வியாழக்கிழமை கைக்கு வந்தது.
மூன்று முத்திரை, ஒரு கையெழுத்து,
என் பெயரில் ஒரு பிழை.
ஹசனைன் என்பதை ஹுசைன் என்று அடித்திருந்தார்கள்.
திருத்த வேண்டுமென்றால் இன்னும் ஒரு மாதம், என்றார் குமாஸ்தா.
ஹுசைனாகவே போனேன்
சிவான் மதுவிலக்குக் கிடங்குக்கு.

கிடங்கு என்பது பேச்சுக்கு.
செங்கல் சூளைக்காரர்கள் தோண்டிவிட்டுப் போன பள்ளம்.
குற்றம் செய்தவையும்
கூடப் போன பாவத்துக்கு வந்தவையும்
ஒரே சேற்றில் நின்றன.
பால்கேன் கொக்கி வைத்த பைக்குகள்.
பள்ளிக்கூட வேன் ஒன்று,
ஜன்னலில் இன்னும் ஒட்டியிருந்தது ஆப்பிள் படம்.
ஓர் ஆம்புலன்ஸ்.
அதைப் பற்றி யாரும் எதுவும் சொல்லவில்லை.

கடைசி வரிசையில் என் பிக்கப்.
நியூ குல்ஷன் பேண்டு, மைர்வா.
குல்ஷன் என்றால் பூந்தோட்டம்.
எருக்கஞ்செடிக்கு எழுத்துக் கூட்டத் தெரியும்போல,
ரேடியேட்டர் வழியாக ஏறி
பெயர்ப்பலகைக்குப் பக்கத்தில் பூத்திருந்தது.

அந்த இரவில்
தேவ்ரியா கல்யாணம் முடிந்து திரும்பினோம்.
பாலத்துச் சாவடியில் டார்ச்சுகள்.
கிளாரினெட்டின் வாய்க்குள்கூட எட்டிப் பார்த்தார்கள்.
கடைசியாக ஒரு காவலர், விளையாட்டுப்போல,
பெரிய டிரம்மைத் தட்டினார்.
தம் என்று பேசுகிற டிரம்
தொக் என்றது.

நான்கு குவார்ட்டர். வைக்கோல் சுற்றி.
பிசேஸர் ராம் தலைகுனிந்தான்.
மாப்பிள்ளையின் சித்தப்பா கொடுத்தார், ஐயா.
எந்த மாப்பிள்ளை? முகம் எப்படி இருக்கும்?
தெரியாது ஐயா,
நாங்கள் அவருக்கு முதுகைக் காட்டி
முன்னால் நடக்கிறவர்கள்.

பிசேஸர் நாற்பது நாளில் வெளியே வந்தான்.
ஆளுக்கு ஜாமீன் கிடைத்தது.
வண்டிக்குத்தான் வாய்தா.
இரண்டு முகூர்த்தக் காலம்
வேறு பேண்டுகளின் சத்தத்தைப் படுத்தபடி கேட்டேன்.
முதல் பறிபோன பின்னும்
வட்டி மட்டும் தவறாமல் நடந்து வந்தது.

மதிப்பீடு செய்ய ஒருவர் வந்தார்.
சுற்றி நடந்தார், டயரை உதைத்தார், ஒரு தொகை எழுதினார்.
அந்த விலைக்கு நான் அதை வாங்கியதே இல்லை.
சந்தைக்குப் போனால் காயலான்,
அபராதத்துக்கு வந்தால் புத்தம் புதுசு.
இரண்டு டிரம்பெட்டையும் யூபோனியத்தையும்
எடைக்குப் போட்டேன்.
தராசில் வைக்கும்போது
கழுத்துப் பக்கம் மிச்சமிருந்த எச்சில் தண்ணீர் சொட்டியது.
ஈரத்துக்கு ஐம்பது கிராம் கழித்தான் கடைக்காரன்.

காவலர் மகஜரை உரக்க வாசித்தார்.
பாட்டில் நான்கு: அழிக்கப்பட்டன.
வண்டி ஒன்று: விடுவிக்கலாம்.
டிரம் ஒன்று:
இங்கே நிறுத்தி, பக்கம் திருப்பி, மறுபடி திருப்பினார்.
ஆணையில் டிரம் இல்லையே.

ஐயா, வண்டியோடு வந்த டிரம்.
வண்டி கடத்தியது டிரம்மை, என்றார்,
சாராயத்தைக் கடத்தியது டிரம்.
அது தனி மனு.
சிரிக்கவில்லை அவர். நியாயமாகத்தான் பட்டது அவருக்கு.

அறைக்குள், அரிசி மூட்டைபோல் சுவரில் சாய்ந்து
தோலில் நீல பெயின்ட் எண்ணோடு இருந்தது.
இருபத்திரண்டு வருஷம் அதை வயிற்றில் சுமந்தவன்
வாசற்படியில் நின்றபடி
விரல் முட்டியை நீட்டினான்.
சாட்சியத்தைத் தட்டக் கூடாது, என்றார் காவலர்.
பிசேஸர் கையை
சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டான்.

பேட்டரி செத்திருந்தது.
தத்தம் ஆணைக்காக வெயிலில் காத்திருந்தவர்கள்
கேட்காமலே எழுந்து வந்து தள்ளினார்கள்.
மேட்டில் ஏறும்போது எருக்கு வேரோடு வந்தது.

ரசீதில் ஹுசைன் என்று கையெழுத்திட்டேன்.
ஹுசைன் என்ற யாரோ ஒருவனுக்கு
வண்டி கிடைத்துவிட்டது.
ஹசனைனுக்கு
இன்னும் ஒரு டிரம் வரவேண்டியிருக்கிறது.